திரைப்படம் வாங்கித் தந்த கப்பல்

திருவண்ணாமலைக் கோயிலில் தீபாராதனை வேளையில் முழங்கும் சங்கொலியைக் கேளாமல் இவ்வூரில் வளர்ந்தவர் எவருமில்லை. ஆயினும், அந்தச் சங்கினுள் ஒரு காலத்தில் குடியிருந்த பிராணியை, அது மணலுக்குள் மெல்ல ஊர்ந்து புழுக்களைத் தேடித் தின்னும் கோலத்தில் உயிரோடு கண்டவர், கிரிவலப் பாதையின் பதினான்கு கிலோமீட்டரிலும் தேடினால் ஒருவராவது அகப்படுவாரா என்பது சந்தேகமே. மன்னார் வளைகுடாவின் மணற்படுகைகளில் மூச்சடக்கி இறங்கும் தூத்துக்குடி, கீழக்கரைப் பக்கத்துச் சங்கு குளிப்பவர்கள் எடுத்துவந்து, சதை நீக்கிக் கழுவி, மெருகேற்றி விற்ற பின்னரே அது நம் கைக்கு வருகிறது. கிழக்கே கடற்கரையை அடைய ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் போகவேண்டிய உள்நாட்டவர்களாகிய நமக்குச் சமுத்திரத்தைப் பற்றிய ஞானம் இப்படி உயிர் நீங்கிய ஓட்டளவில் நின்றுவிட்டதில் வியப்பில்லை.

வியப்புக்குரியது என்னவென்றால், கடலையே தொழிலாகக் கொண்ட விஞ்ஞானிகளின் நிலைமையும் நெடுங்காலம் இதைவிட அதிகம் மேலாக இல்லை என்பதே. 1872 முதல் 1876 வரை உலகக் கடல்களைச் சுற்றிவந்த ‘சாலஞ்சர்’ என்னும் ஆங்கிலக் கப்பல், அதுவரை எவரும் அறிந்திராத ஆயிரக்கணக்கான உயிரினங்களை வலைகளாலும் வாரிகளாலும் அள்ளி வந்து, ஐம்பது பெரிய தொகுதிகளில் அவற்றின் வர்ணனை அச்சேறுவதற்குக் காரணமாயிற்று. நவீனக் கடலியல் என்னும் சாஸ்திரம் அந்தப் பயணத்தில்தான் பிறந்தது என்று சொல்வார்கள். ஆனால் அந்த ஆயிரக்கணக்கில் ஒன்றையேனும் அதன் சொந்த வீட்டில் வைத்துக் கண்டவர் அக்கப்பலில் இல்லை. சாராயம் நிறைத்த சீசாவில் மிதக்கும் மீனுக்கு எத்தனை முள், எத்தனை செதில் என்று எண்ணிவிடலாம். அது எவ்வாறு உண்ணும், யாருக்கு அஞ்சும், யாரோடு நட்புக் கொள்ளும், தன் குஞ்சை எப்படிக் காக்கும் என்பவற்றைச் சீசா சொல்லாது. இந்தக் குறையைத் தீர்க்க வந்த கருவி சலனப்படக் கேமரா என்பதும், அதைக் கையில் எடுத்த முதல் விஞ்ஞானிகளைச் சக விஞ்ஞானிகளே ஏளனமாகப் பார்த்தார்கள் என்பதும் இன்று கேட்பவர்க்கு விசித்திரமாக இருக்கும்.

பிரான்ஸ் நாட்டின் பிரதமராகவும் பெயர் பெற்ற கணித மேதையாகவும் விளங்கிய பால் பென்லவே என்பவரின் புதல்வர் ழான் பென்லவே, 1928-இல் ஒரு சிறு மீனின் முட்டை வளர்வதைப் படமாக்கிப் பாரிஸ் விஞ்ஞானக் கழகத்தார் முன் காட்டியபோது, சினிமா என்பது கேளிக்கைக்கு உரியதேயன்றி ஆராய்ச்சிக்கு உரியதன்று என்று சபையிலிருந்த பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். அவர் அதைப் பொருட்படுத்தவில்லை. 1934-இல் கடற்குதிரையைப் பற்றிய அவருடைய படம் வெளிவந்தது. பெண் குதிரை முட்டைகளை ஆணின் வயிற்றுப் பையில் இட்டுவிட்டு விலகிவிட, ஆணே சுமந்து, ஆணே நோவுற்று, உடலை முன்னும் பின்னும் மடக்கி மடக்கிக் குஞ்சுகளை நீரில் உமிழ்வதை அந்தப் படத்தில் ஜனங்கள் பிரத்தியட்சமாகக் கண்டார்கள். அந்தப் பிரசவம் எந்நேரத்தில் நிகழும் என்று சொல்ல முடியாதாகையால், இரவு பகலாகத் தொட்டியின் அருகே காத்துக் கிடந்த பென்லவே, உறக்கத்தில் தலை சாய்ந்தால் சிறிய மின்னதிர்ச்சி தந்து எழுப்பிவிடும்படி தம் தொப்பியிலேயே ஒரு பொறியை அமைத்துக்கொண்டார் என்பது அவரைப் பற்றி வழங்கும் கதை. பாக் நீரிணையில் பிடித்து, உலர்த்தி, மருந்துச் சரக்கென்று கள்ளத்தனமாகக் கப்பலேற்றப்படுகிற கடற்குதிரையும் இதே வம்சத்தைச் சேர்ந்ததுதான்; 2001 முதல் நம் நாட்டில் அதைப் பிடிப்பது சட்டப்படி குற்றம்.

எனினும் பென்லவே பெரும்பாலும் தொட்டியின் கண்ணாடிக்கு வெளியே நின்று படம் எடுத்தவர். தாமே கடலுக்குள் இறங்கி, மீன்களோடு மீனாக நீந்தி, அங்கே கண்டதைப் படச்சுருளாகவும் ஆராய்ச்சிக் கட்டுரையாகவும் ஒருங்கே கரைக்குக் கொண்டுவந்த மனிதர் என்று ஒருவரைச் சுட்டவேண்டுமானால் வியன்னா நகரத்து ஹான்ஸ் ஹாஸ் அவர்களைத்தான் சுட்டவேண்டும். அவருடைய கப்பல் நம்முடைய நிக்கோபார்த் தீவுகள் வரை வந்து போயிற்று என்பது தமிழ் வாசகர்களில் அநேகர் அறியாத செய்தி.

1919-இல் வழக்கறிஞர் ஒருவரின் மகனாகப் பிறந்து தாமும் சட்டமே படிக்கத் தொடங்கியிருந்த ஹாஸ், 1937-இல் பிரான்ஸின் தென்கரைக்குப் போனபோது, கண்ணுக்குக் கண்ணாடி கட்டிக்கொண்டு கையில் ஈட்டியோடு முக்குளித்து மீன் குத்தும் கில்பாட்ரிக் என்ற அமெரிக்க எழுத்தாளரைச் சந்தித்தார்; அந்தச் சந்திப்போடு சட்டப் படிப்பின் மீதிருந்த பற்று போயிற்று. இரண்டாண்டுக்குள் நண்பர்கள் இருவருடன் மேற்கிந்தியத் தீவுகளுக்குச் சென்றவர், அங்கிருக்கும்போதே ஐரோப்பாவில் யுத்தம் மூண்டுவிட்டதால், ஜப்பான், சைபீரியா வழியாக உலகத்தைச் சுற்றிக்கொண்டு ஊர் திரும்ப வேண்டியதாயிற்று. அந்தப் பயணத்தில் எடுத்த படத்தைத் திரையிட்டும் சொற்பொழிவுகள் ஆற்றியும் பொருள் சேர்த்தார். சட்டத்தை விட்டு விலங்கியலுக்கு மாறினார். கடலடிப் பாறைகளில் நுண்ணிய ஜரிகை வேலைப்பாடுபோல் படர்ந்து வளரும் ஒருவகைப் பாசிப் பிராணிகளைத் தாமே முக்குளித்துச் சேகரித்து, அவற்றைப் பற்றி எழுதிய நூலுக்காகப் பெர்லினில் டாக்டர் பட்டமும் பெற்றார். ஈட்டி மெல்ல மெல்லக் கையைவிட்டு நழுவ, அதனிடத்தைக் கேமரா பிடித்துக்கொண்டது.

கடலுக்குள் படம் எடுப்பது எத்தகைய பிரயாசை என்பதை இங்கே கொஞ்சம் சொல்லியாக வேண்டும். நீரானது சூரிய ஒளியிலுள்ள சிவப்பை முதலில் விழுங்கிவிடுகிறது. சில மீட்டர் ஆழத்துக்குள்ளேயே செந்நிறம் மங்கி, காயம்பட்டவனின் இரத்தம்கூடப் பச்சையாகத் தெரியும். மேலும் கீழே போகப் போக நீலம் ஒன்றே எஞ்சும். இருநூறு மீட்டருக்குக் கீழே தாவரம் உணவு சமைக்கவும் ஒளி போதாது. ஆயிரம் மீட்டருக்கு அப்பால் சூரியன் என்று ஒன்று இல்லவே இல்லை. ஆகவே திரையில் நாம் கண்டு மயங்கும் செம்பவளத்தின் செம்மை, விளக்கைக் கொண்டுபோனவன் தன்னோடு கொண்டுபோன செம்மையே அன்றி, அந்த ஆழத்தில் வாழும் எந்த மீனும் சூரிய வெளிச்சத்தில் கண்டதன்று! கண்ணாடியின் ஊடாகப் பார்க்கையில் பொருள்கள் உள்ளதைவிட மூன்றில் ஒரு பங்கு பெரியனவாகவும், இருக்கும் தூரத்தைவிட அருகிலும் தோன்றுவதால், கண்ணளவை நம்பித் தூரம் கணிப்பவன் ஏமாறுவான். ஹாஸ் தொடக்கத்தில் பயன்படுத்திய பிராணவாயுக் கருவி குமிழி விடாது. ஆகையால் மீன்கள் மிரளா. ஆனால் சுத்தமான பிராணவாயு, சில மீட்டர் ஆழம் தாண்டினாலே விஷமாக மாறி வலிப்பை உண்டாக்கும். காற்றைச் சிலிண்டரில் அடைத்து வேண்டிய அளவு மட்டும் தரும் கருவியைக் பிரெஞ்சுக் கடற்படை அதிகாரி கூஸ்தோவும் பொறியாளர் கான்யானும் 1943-இல் பிரான்ஸில் அமைத்த பிறகே ஆழத்தில் அச்சமின்றித் தங்குவது சாத்தியமாயிற்று. அதிலோ குமிழிகளின் ஓசை, மீன்கள் விலகும். எதை அடைந்தாலும் வேறொன்றை இழந்தே தீரவேண்டும் என்ற நிலை அன்று.

செங்கடலில் ஹாஸ் எடுத்த படம் 1951-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது. அந்தப் பொருளையும் புகழையும் முதலாக வைத்து அவர் வாங்கியது மாளிகையன்று, ஒரு கப்பல். தையல் இயந்திரத்துக்குப் பெயர்போன சிங்கர் குடும்பத்துச் செல்வர் ஒருவருக்காக 1927-இல் கட்டப்பட்ட ‘ஸாரிஃபா’ என்னும் மூன்று பாய்மரக் கப்பலை வாங்கி, ஆராய்ச்சிக்கூடமும் இருட்டறையும் அமைத்து, உயிரியல் அறிஞர்களை ஏற்றிக்கொண்டு 1953-இல் மேற்கிந்தியத் தீவுகளுக்கும் காலபகஸுக்கும் போய்வந்தார். 1957, 58-ஆம் ஆண்டுகளில் இரண்டாம் பயணம். அதற்கான பணத்தில் பெரும்பகுதி ஜெர்மன் தொலைக்காட்சிக்குத் தொடர்படம் எடுத்துத் தருவதாகச் செய்துகொண்ட ஒப்பந்தத்திலிருந்து வந்தது. செங்கடலைக் கடந்து மாலத்தீவு, இலங்கை, நிக்கோபார், சிங்கப்பூர் என்று இந்துமகா சமுத்திரத்தின் குறுக்கே சென்ற அந்தப் பயணத்தில், படம் எடுப்பது ஒருபுறம் நடக்க, ஆராய்ச்சி மறுபுறம் நடந்தது என்று சொல்வதுகூடப் பிழை; இரண்டும் ஒரே காரியமாகவே நடந்தன.

கப்பலில் இருந்த ஐபெல்-ஐபெஸ்ஃபெல்ட் என்ற இளம் விலங்கியலாளர் மாலத்தீவுப் பவளப் பாறைகளில் கண்ட ஒரு வினோதத்தைக் கேளுங்கள். விரல் நீளமே உள்ள, நீல உடலில் கறுப்புப் பட்டை ஓடும் சிறிய மீன் ஒன்று பாறையின் ஓரிடத்தைத் தன் கடையாக வைத்துக்கொண்டு, மேலும் கீழும் துள்ளி ஒருவகை நடனம் ஆடுகிறது. அதைக் கண்டதும், ஒரே வாயில் அதை விழுங்கிவிடக்கூடிய பெரிய களவாய் மீன் அருகே வந்து, அசையாமல் நின்று, வாயை அகலத் திறக்கிறது. சிறுமீன் அந்த வாய்க்குள் நுழைந்து, பற்களின் இடுக்கிலும் செவுள்களின் உட்புறத்திலும் ஒட்டியிருக்கும் ஒட்டுண்ணிகளைப் பொறுக்கித் தின்றுவிட்டுச் சாவதானமாக வெளியே வருகிறது. அடுத்த மீன் தன் முறைக்காகக் காத்திருக்கிறது. இது பாதிக் கதை. அதே நிறம், அதே பட்டை, அதே நடனத்தோடு இன்னொரு மீனும் அங்கே திரிகிறது. துப்புரவு செய்ய வந்திருக்கிறது என்று நம்பி நிற்கிற வாடிக்கைக்காரனின் துடுப்பில் ஒரு துண்டைக் கடித்துக்கொண்டு அது ஓடிவிடுகிறது. வேஷதாரியும் அசலும் அக்காள் தங்கையல்ல. குலத்தால் தூரத்து உறவுகூடச் சொல்ல முடியாத வேறு வேறு மீன்கள். அனுபவப்பட்ட மீன்கள் போலியை அறிந்து விலகுகின்றன என்றும், இளம் மீன்களே பெரும்பாலும் ஏமாறுகின்றன என்றும் ஐபெல் கண்டார். இறந்த மீன்களை அடுக்கிவைத்த எந்தக் காட்சிச்சாலையிலும் இந்த நாடகத்தின் ஓர் அங்கத்தைக்கூட ஊகித்திருக்க முடியாது. 1959-இல் இது ஆராய்ச்சிக் கட்டுரையாக வெளிவந்தபோது விலங்கு நடத்தையை ஆராய்வோர் உலகம் அதைப் பெரிதும் போற்றியது.

மாலத்தீவிலும் நிக்கோபாரிலும் அவர்கள் கண்ட மற்றொன்று தோட்ட விலாங்கு. மணலில் துளை செய்து, வால் நுனியிலிருந்து கசியும் பசையால் அதன் சுவரைப் பூசி, உடலின் கீழ்ப்பாதியைத் துளைக்குள் வைத்துக்கொண்டு, நூற்றுக்கணக்கில் வரிசை வரிசையாக நிமிர்ந்து நின்று, நீரோட்டம் கொண்டுவரும் நுண்ணுயிர்களைக் கொத்தித் தின்னும் பிராணி அது. காற்றில் சாயும் நாற்றங்கால்போல் தூரத்தில் தெரியும். மனிதன் நெருங்கினால் அத்தனையும் ஒருசேர மணலுக்குள் மறைந்து, வெறுந்தரை மாத்திரம் எஞ்சும். வலை வீசுபவனுக்கு இது அகப்படாத காரணம் வெளிப்படை. அந்தப் பயணத்தில் கண்டெடுத்த ஓர் இனத்துக்கு ‘ஹாஸி’ என்று தலைவரின் பெயரையே அறிஞர்கள் சூட்டினார்கள்.

நமக்கு இன்னும் நெருக்கமான ஒரு தொடர்பையும் சொல்லவேண்டும். ஸாரிஃபாவில் பவளங்களைச் சேகரித்தவர் கியோர்க் ஷேர் என்னும் ஜெர்மானியர். அவர் நிக்கோபாரிலிருந்து கொண்டுபோன பவளங்களின் விரிவான வர்ணனை 1974-இல் அச்சேறியபோது, நூலின் முகப்பில் அவர் பெயரோடு சி.எஸ்.கோபிநாத பிள்ளை என்ற பெயரும் இருந்தது. மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தைச் சேர்ந்தவர் அவர். இராமநாதபுரம் மாவட்டத்து மண்டபத்தின் பவளப் பாறைகளை ஆராய்ந்து தேர்ந்தவர். மாலத்தீவுப் பவளங்களைப் பற்றிய நூலும் இரண்டாண்டுக்குப் பின் இருவர் பெயராலும் வந்தது. தொலைக்காட்சி நேயர்களை மகிழ்விக்க எடுத்த படத்தின் செலவில் ஓடிய கப்பல், பதினாறு ஆண்டுகள் கழித்தும் இந்திய விஞ்ஞானி ஒருவரின் மேஜைக்கு வேலை தந்துகொண்டிருந்தது என்றால், விஞ்ஞானிக்குச் சினிமா எதற்கு என்று கேட்பவர்க்கு வேறு விடை தேவையில்லை.

இனி மறுபக்கம். கேமரா ஓடத் தொடங்கியதும் கடலுக்குக் காத்திருக்க மனிதனுக்குப் பொறுமை இருப்பதில்லை. திரையரங்கில் உட்கார்ந்திருப்பவனின் கொட்டாவி அவன் மனக்கண் முன் வந்து பயமுறுத்துகிறது. ஹாஸின் செங்கடல் படத்திலேயே, அவருடைய காரியதரிசியாக இருந்து பின்பு மனைவியான லோட்டேயை முன்னிறுத்திக் கதைபோல் ஜோடித்த காட்சிகள் உண்டு. கூஸ்தோ 1956-இல் கான் விழாவின் தலையாய பரிசையும் அடுத்து ஆஸ்கார் விருதையும் பெற்ற ‘மௌன உலகம்’ என்ற படத்தில் செய்ததோ, இன்று காணும்போது நெஞ்சு பொறுக்காத காரியம்: பவளப் பாறையில் எத்தனை மீன் வாழ்கிறது என்று கணக்கெடுப்பதற்காக அங்கே வெடி வைத்துத் தகர்க்கிறார்கள், கப்பலின் சுழல்விசிறியில் அடிபட்ட திமிங்கலக் குட்டியைத் தின்னக் கூடிய சுறாக்களைக் கப்பலுக்கு இழுத்துப்போட்டு அடித்துக் கொல்கிறார்கள். கூஸ்தோ பிற்காலத்தில் கடலைக் காக்கும் இயக்கத்துக்கு உலகளாவிய குரலாக விளங்கினார் என்பது உண்மை. ஆனால் வெடி வைத்தது தவறு என்பதும் அதே அளவு உண்மை. படம் ஆராய்ச்சிக்குப் பணம் தேடித் தரலாம். ஆராய்ச்சி என்ன காணவேண்டும் என்று கட்டளையிடும் அதிகாரத்தை அதற்குக் கொடுத்துவிடக் கூடாது.

காத்திருப்பவர்க்குக் கடல் தானாகவே கொடுப்பதும் உண்டு. இலங்கையில் குடியேறிய விஞ்ஞானக் கதாசிரியர் ஆர்தர் கிளார்க்கும், அவருடைய தோழர் மைக் வில்சனும் 1956-இல் திருகோணமலைச் சுவாமிமலையின் அடியில் முக்குளித்தபோது, பதினேழாம் நூற்றாண்டில் போர்த்துக்கீசியர் இடித்துத் தள்ளிய கோணேசர் கோயிலின் தூண்களும் செதுக்கிய கற்களும் பாசி படர்ந்து கிடப்பதைக் கண்டார்கள். வில்சன் அங்கே கண்ட இலிங்கம் பிற்பாடு கோயிலுக்கே வந்து சேர்ந்தது. அருணாசலேசுவரர் சந்நிதித் தெருவில் இருப்பவர்க்கு இதைவிட எடுத்துச் சொல்லத் தகுந்த கடல் செய்தி வேறு என்ன இருக்க முடியும்! 1961-இல் அதே வில்சன் தென்னிலங்கைக் கடலில் படம் எடுத்துக்கொண்டிருக்கையில்தான், வெள்ளி நாணயங்களோடு மூழ்கிய பழைய கப்பலொன்று கண்ணில் பட்டது.

நம் நாட்டிலும் இந்த மரபு இல்லாமற் போகவில்லை. சென்னையில் பாம்புப் பண்ணையில் தொண்டு செய்து வளர்ந்து, விலங்கியல் பட்டம் பெற்ற சேகர் தத்தாத்ரி, ஒடிசா கடற்கரைக்கு முட்டையிடக் கூட்டங்கூட்டமாய் வரும் பங்குனி ஆமைகளையும், அவை இழுவலைகளில் சிக்கி மூச்சுத் திணறிச் செத்து ஒதுங்குவதையும் படமாக்கினார். ஆமைக்கு நுரையீரல் உண்டு, அது மேலே வந்து மூச்சு வாங்கியாக வேண்டும், வலைக்குள் மணிக்கணக்கில் அடைபட்டால் நீரிலேயே மூழ்கிச் சாகும் என்னும் எளிய உண்மையை ஆராய்ச்சி அறிக்கைகள் ஆண்டுக்கணக்கில் சொல்லியும் புரியாதவர்க்குப் படம் சில நிமிஷங்களில் புரியவைத்தது. குஜராத்துக் கரையில் திமிங்கலச் சுறாக்கள் வெட்டப்படுவதை மைக் பாண்டே 2000-ஆம் ஆண்டில் படமாக்கிக் காட்டிய மறு ஆண்டே அந்த மீன் அரசாங்கத்தின் பாதுகாப்புப் பட்டியலில் ஏறியது. பாண்டே விஞ்ஞானியல்லர் என்றாலும் இங்கே அவரை விட்டுவிடுவது நியாயமாகாது.

இன்றைக்குச் சென்னைப் பள்ளிக்கரணையில் உள்ள தேசியக் கடல் தொழில்நுட்ப நிறுவனத்தில், மூன்று மனிதர்களை ஆறாயிரம் மீட்டர் ஆழத்துக்குக் கொண்டுபோகும் ‘மத்ஸ்யா 6000’ என்னும் நீர்மூழ்கி வாகனம் உருவாகி வருகிறது. 814 மீட்டர் உயரமுள்ள நம் அண்ணாமலையை ஒன்றன்மேல் ஒன்றாக ஏழு முறை அடுக்கினாலும் அந்த ஆழம் நிரம்பாது. அடியைத் தேடி வராகமாய்ப் பூமியைத் துளைத்துப் போன திருமாலின் கதையைக் கருவறைப் பின்சுவரில் அன்றாடம் கண்டு கும்பிடும் ஊரார்க்கு இந்தப் பயணத்தின் ருசியை விளக்கிச் சொல்லத் தேவையில்லை; அதைக் காட்டத்தான் ஆள் வேண்டும். அந்த வாகனத்தில் இறங்கும் விஞ்ஞானி கண்டதை நல்ல தமிழில், தம் சொந்தக் குரலில் பேசிப் படமாக்கித் தரவேண்டும்; வெளிநாட்டுப் படத்துக்குப் பின்னணிக் குரல் ஒட்டித் தருவது போதாது. மண்டபத்திலும் தூத்துக்குடியிலும் பரங்கிப்பேட்டையிலும் ஆயுட்காலத்தைக் கடலோடு கழிக்கும் அறிஞர்களுக்கும் இதே விண்ணப்பம். படத்தைக் கடற்கரையில் காட்டுவதைவிட, கடலைக் காணாத செங்கத்திலும் போளூரிலும் கலசபாக்கத்திலும், பள்ளிக்கூடத்துச் சுவரில் வேட்டியைக் கட்டியாவது காட்டுங்கள்.

வாசகர்களுக்கும் ஒரு வார்த்தை. இராமேசுவர யாத்திரை போகிறவர்கள், பாம்பன் பாலத்தைத் தொடுவதற்கு முன்னால் மண்டபத்தில் இறங்கி, மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் காட்சிச்சாலையைப் பார்த்துவிட்டுப் போங்கள்; குழந்தைகளை அவசியம் அழைத்துப் போங்கள்.